இரண்டு குடும்பத்துக்கு ஒரு ராணி

கொம்தோன் ஓஜாவிடம் ஒரு சைக்கிளும் ஒரு தலையணையும் இருந்தன. சைக்கிள் அவரை ஊர் ஊராகக் கொண்டுபோனது. சோறு போட்டது தலையணை. எங்கள் பக்கத்தில் கதை சொல்கிறவர் சம்மணம் போட்டு உட்கார்ந்து முன்னால் ஒரு தலையணையை வைத்துக்கொள்வார். ராஜாவுக்குக் கோபம் வந்தால் அதன்மேல் ஓர் அறை விழும். ராணி அழுதால் அதைத் தடவிக்கொடுப்பார். போர் வந்துவிட்டால் பஞ்சு பறக்கும். அவர் மனைவி நுங்ஷிதோம்பி அந்த உறையைத் தைத்துத் தைத்தே சலித்துப்போனாள். எங்கள் பழைய ராஜாக்கள் அவ்வளவு கோபக்காரர்கள்.

ஓஜா என்பது வித்தை தெரிந்தவர்களை நாங்கள் கூப்பிடும் மரியாதை. இவருடைய வித்தை வாய். பாக்கங்பா ராஜா பாம்பு உருவெடுத்த கதையை இவர் சொன்னால் முன்வரிசைக் கிழவிகள் காலை மடக்கி உட்கார்ந்துகொள்வார்கள். வானத்தில் இரண்டு சூரியன் காய்ந்தபோது ஓர் அடிமை அம்பெய்து ஒன்றை வீழ்த்திய கதையைச் சொன்னால் மண்டபத்தில் விசிறிகள் நின்றுபோகும். இதையெல்லாம் மற்றவர்களும் சொன்னார்கள். ஆனால் கொம்தோனைத்தான் எல்லோரும் கூப்பிட்டார்கள். அதற்கு வேறு காரணம் இருந்தது.

எந்த வீட்டில் கதை நடக்கிறதோ அந்த வீட்டு முன்னோர் ஒருவரை ராஜாவின் பக்கத்தில் கொண்டுபோய் நிறுத்திவிடுவார். ஒரு தெருவில் சொல்லும்போது அந்தத் தெருக்காரனின் முப்பாட்டன் ராஜாவின் குதிரைக்குப் புல் போட்டவனாக இருப்பான். பக்கத்து ஊருக்குப் போனால் அதே குதிரைக்கு அதே புல்லை வேறொருவன் போடுவான். ராஜாக்கள் மாறுவதே இல்லை. அவர்களைச் சுற்றி நிற்கிறவர்கள்தான் சைக்கிள் போகிற வழிக்கேற்ப மாறிக்கொண்டிருந்தார்கள். கேட்டவர்கள் நெகிழ்ந்துபோய் அவர் காலடியில் பூவும் பழமும் வைத்துக் கும்பிட்டார்கள். யாருக்கும் நஷ்டம் இல்லாத வியாபாரம் என்றுதான் நானும் நினைத்திருந்தேன்.

நான் வாழ்க்கைப்பட்ட யாங்ஜம் வீட்டுக்கும் அவர் ஒரு முன்னோரைத் தந்தார். சாதாரண ஆளில்லை, ராணி. என் மாமனாரின் திதிக்குக் கதை சொல்ல வந்தவர், குமன் குலத்து ராஜா ஒருவன் தன் ராணி நோங்லெய்மாவைச் சந்தேகப்பட்டுத் துரத்திவிட்ட கதையைச் சொன்னார். அவள் பெற்ற இளவரசன் அரண்மனையிலேயே வளர்ந்தான், அவன் வழியில் வந்தவர்கள்தான் இந்த யாங்ஜம் வீட்டார் என்று முடித்தார். என் கணவரின் அண்ணன் குலபிது, எங்கள் குடும்பத்துக்கெல்லாம் தலைவர், குழந்தைபோல அழுதுவிட்டார். அடுத்த மாதமே முற்றத்து மூங்கில் புதரை வெட்டிச் சுத்தம் செய்து அந்த இடத்தில் ராணிக்குச் சின்னதாக ஒரு கோயில் கட்டினார். நானும் சந்தைக்குப் போனால் மீன்காரியிடம் கொஞ்சம் நிமிர்ந்து பேச ஆரம்பித்தேன்.

சில வருஷம் கழித்து இரில் ஆற்றின் அக்கரையில் ஹிநாவ்பம் என்கிற வீட்டார் புதுக்குளம் வெட்டினார்கள். குளத்தைத் திறக்கிற அன்றைக்குக் கதை சொல்லக் கொம்தோனைக் கூப்பிட்டார்கள். குளம், தண்ணீர், படகு என்று அவர் புத்தி போயிருக்கிறது. துரத்தப்பட்ட நோங்லெய்மா ஏரிக்கரைக்கு வந்தாள், ஒரு படகோட்டி இரக்கப்பட்டு ஏற்றிக்கொண்டான், மிதக்கும் புல்திட்டில் குடிசை போட்டு அவனோடு வாழ்ந்து ஒரு மகனைப் பெற்றாள், அந்த மகனின் வம்சம்தான் ஹிநாவ்பம் என்று சொல்லிவிட்டு வந்துவிட்டார். இக்கரைக்கும் அக்கரைக்கும் அப்போது பாலம் கிடையாது. படகில் ஏறிப்போய் யார் ஒப்பிட்டுப் பார்க்கப் போகிறார்கள்.

பாலம் வந்தது. பாலத்தடியில் ஒரு டெலிபோன் பூத் வந்தது. அதில் ஹிநாவ்பம் வீட்டுப் பெண் பிலாசினி உட்கார்ந்தாள். எங்கள் வீட்டுப் பையன் அமுசனா, என் கொழுந்தனாரின் மகன், வேன் ஓட்டுகிறவன். போகும்போதும் வரும்போதும் வேனை நிறுத்திவிட்டு அந்த பூத்துக்குள் போனான். அவன் யாருக்குப் போன் செய்தான் என்று கடைசிவரை யாருக்கும் தெரியவில்லை.

எங்கள் ஊரில் பாதிக் கல்யாணம் ஓடிப்போய்த்தான் நடக்கிறது. ஓடிப்போனவர்களை இரண்டு வீட்டாரும் கொஞ்ச நாள் முறைத்துவிட்டு, பிறகு கூடிப் பேசி ஏற்றுக்கொள்வார்கள். பிலாசினியின் அம்மா அப்படிப் போனவள்தான். ஏற்றுக்கொண்ட மாமியார் சாகும்வரை அதைச் சொல்லிச் சொல்லிக் காட்டியிருக்கிறாள். அதனால் பிலாசினி அமுசனாவிடம் தெளிவாகச் சொல்லிவிட்டாள், பழத்தட்டோடு வந்து கேட்டால்தான் வருவேன் என்று. நாங்களும் பழத்தட்டோடு போனோம்.

அக்கரை வீட்டுக் கூடத்தில் எல்லாம் சுமுகமாகத்தான் நடந்துகொண்டிருந்தது. வெற்றிலை மாற்றினோம். பையனின் நல்ல குணங்களை நான் எடுத்துச் சொன்னேன், இல்லாதவற்றையும் சேர்த்து. அப்போது குலபிதுவுக்குப் பெருமை தாங்கவில்லை.

"உங்க பொண்ணு சும்மா எடத்துக்கு வரல. நோங்லெய்மா ராணி வயித்துல பொறந்த வம்சம் நாங்க" என்றார்.

பிலாசினியின் அப்பா அங்கௌ சிரித்த முகமாகவே கேட்டார். "எந்த நோங்லெய்மா?"

"எத்தன நோங்லெய்மா இருக்காங்க? குமன் ராஜா தொரத்திவிட்டாரே, அவங்கதான்."

"படகுல ஏறிப் போனாங்களே, அவங்களா?"

"போனாங்க. அதுக்கப்புறம் என்ன ஆனாங்களோ, யாருக்குத் தெரியும்."

"எங்களுக்குத் தெரியும்" என்றார் அங்கௌ. "எங்க வீட்டுக்குத்தான் வந்தாங்க."

கூடத்தில் யாரும் வெற்றிலையை மெல்லவில்லை. அப்பன் வேறாக இருக்கலாம், குலம் வேறாக இருக்கலாம். ஒரே பெண்ணின் வயிற்றில் பிறந்த இரண்டு வழிக்கு இடையே எங்களில் கல்யாணம் கிடையாது. எத்தனை தலைமுறை ஆனாலும் அண்ணன் தங்கை முறைதான். அதை மீறி ஓடிப்போனால் எந்த வீடும் ஏற்காது. அவர்கள் கையால் யாரும் தண்ணீர் வாங்கிக் குடிக்கமாட்டார்கள், செத்தால் தூக்க ஆள் வராது. அங்கௌவின் அத்தை மெல்ல எழுந்து, நாங்கள் கொண்டுபோன பழத்தட்டுகளை எங்கள் பக்கமாகவே நகர்த்தி வைத்தாள். கதவோரம் நின்ற பிலாசினி உள்ளே போய்விட்டாள்.

மறுநாள் கொம்தோனை வரவழைத்தார்கள். இரண்டு வீட்டுப் பெரியவர்களும் எங்கள் முற்றத்தில் உட்கார்ந்திருந்தார்கள். விஷயத்தைக் கேட்டதும் அவர் முதலில் சிரித்தார். பிறகு சுற்றியிருந்த முகங்களைப் பார்த்துவிட்டுச் சிரிப்பை விழுங்கினார்.

"இதுக்கா இவ்வளவு? நான்தான் சொன்னேன், இல்லேங்கல. கதைக்காகச் சேத்தது. ராணி இருந்தாங்க, போனாங்க, அவ்வளவுதான் பழைய கதையில. பிள்ளைங்களெல்லாம் நான் போட்டது."

"நீங்க போட்டதா?" என்றார் குலபிது. முகம் கறுத்துவிட்டது. "கோயில் கட்டியிருக்கேன். வருஷா வருஷம் பூ வைக்கிறேன். இத்தன வருஷமா நான் யாருக்குப் பூ வச்சேன்?"

"ராணிக்குத்தான். ஆனா அவங்க உங்களுக்குச் சொந்தம்னு..."

"இப்படி மாத்திச் சொல்ல பொண்ணு வீட்டுல என்ன குடுத்தாங்க ஓஜா?" என்று குறுக்கிட்டார் குலபிது. " குளத்து மீனா?"

அங்கௌ பாய்ந்தார். "நாங்க எதுக்குக் குடுக்கணும்? ராணி இல்லேன்னா எங்களுக்கும்தான் இல்ல. நீங்கதான் பையன் அழறான்னு இவரப் புடிச்சு மாத்திச் சொல்ல வைக்கிறீங்க."

"தலையணைல கை வச்சு சபையில சொன்ன வார்த்தை" என்றார் குலபிது. "இப்ப உங்க முன்னால தலையணை இருக்கா? இல்ல. அப்ப எது உண்மை?"

வாழ்நாளில் கொம்தோன் பொய் சொல்லி யாரும் சந்தேகப்பட்டதில்லை. அன்றைக்கு உண்மையைச் சொன்னார், ஒருவரும் நம்பவில்லை. இரண்டு பக்கமும் எனக்கு எரிச்சல்தான் வந்தது. பிள்ளைகளை விட்டுவிடத் தயாராக இருந்தார்கள், ராணியை விட யாருக்கும் மனசு வரவில்லை. எனக்கும் ராணி வேண்டும்தான். ஆனாலும் அமுசனா வேனுக்குள்ளேயே உட்கார்ந்து சாப்பிட வராமல் இருந்ததைப் பார்க்கப் பொறுக்கவில்லை.

கல்யாணத்துக்கென்று நுங்ஷிதோம்பியிடம் நான் தறித்துணி சொல்லி வைத்திருந்தேன். இனி நெய்ய வேண்டாம் என்று சொல்ல அவர்கள் வீட்டுக்குப் போனேன். அவள் தறியில் உட்கார்ந்திருந்தாள். கொம்தோன் சுவரோரம் தலையில் கை வைத்துக்கொண்டிருந்தார். நான் வாயைத் திறப்பதற்குள் பிலாசினி வந்து நின்றாள், பூத்தைப் பூட்டிய சாவி கையிலேயே இருந்தது.

"ஓஜா, நீங்கதான அவங்கள எங்க படகுல ஏத்துனீங்க" என்றாள். "இப்ப எறக்குங்க."

"எறக்குனா உங்க வம்சமே தண்ணில போயிடும்மா. உங்கப்பா என்னை வெட்டிப் போட்டுருவாரு."

"வெட்டட்டும். நாலு நாள் அழுதுட்டு நாங்க கல்யாணம் பண்ணிக்கறோம்."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது, அடக்கிக்கொண்டேன். கொம்தோன் நிஜமாகவே யோசிக்க ஆரம்பித்தார். படகோட்டியின் மகன் ராணிக்குப் பிறந்தவன் இல்லை, ஏரியில் மிதந்துவந்த குழந்தை என்று சொல்லலாமா? ஹிநாவ்பம் வீட்டார் அப்பன் பேர் தெரியாதவர்களாகிவிடுவார்கள். இளவரசன்தான் ராணியின் மகன் இல்லை என்று சொன்னால்? குலபிது கட்டிய கோயிலை என்ன செய்வது? யாராவது ஒருவர் ராணியை இழந்தாக வேண்டும், எந்த வீட்டாரிடமிருந்து பிடுங்கினாலும் கல்யாணத்தில் கத்தி எடுப்பார்கள்.

தறிச் சத்தம் நின்றது.

"ரெண்டு பேரையுமே பெறலேன்னு சொல்லுங்களேன்" என்றாள் நுங்ஷிதோம்பி. "அவளுக்குப் பிள்ளையே பொறக்கல. ரெண்டு பேரையும் வளத்தா. அப்ப ரெண்டு வீட்டுக்கும் அம்மாதான், வயிறு மட்டும் ஒண்ணில்ல."

கொம்தோன் அவளை நிமிர்ந்து பார்த்தார். அந்த வீட்டில் குழந்தை இல்லை. வேண்டாத தெய்வம் இல்லை, ஏறாத குன்று இல்லை. அவர் சொல்லும் கதைகளில் பிள்ளையில்லாத ராணிகள் வருவார்கள், வந்து தவம் இருந்து கதை முடிவதற்குள் ஒரு மகனைப் பெற்றுவிடுவார்கள். அந்த இடம் வரும்போது மண்டபத்துப் பெண்கள் ஒருமுறை பின்வரிசைப் பக்கம் திரும்பி நுங்ஷிதோம்பியைப் பார்ப்பார்கள். நானும் பார்த்திருக்கிறேன்.

"பிள்ள பெறாத ராணி கதைய யார் கேப்பா?" என்றார் கொம்தோன்.

"நான் கேப்பேன்."

"எல்லாரும் உன்னைத்தான் திரும்பிப் பாப்பாங்க."

"இத்தன வருஷமா பாக்காமயா இருந்தாங்க?" என்று சொல்லிவிட்டு அவள் மறுபடி நெய்ய ஆரம்பித்தாள். துணியை நிறுத்தச் சொல்லப் போன நான் ஒன்றும் சொல்லாமல் திரும்பி வந்தேன்.

பாலத்தை ஒட்டிய கோயில் மண்டபத்தில் கதை வைத்தார்கள். மத்தியானச் சாப்பாடு முடிந்து இரண்டு வீட்டாரும் வந்து, நடுவில் ஒரு ஆள் படுக்கிற இடம் விட்டு உட்கார்ந்தார்கள். கொம்தோன் வெள்ளைத் தலைப்பாகையும் மூக்கில் சந்தனக் கோடுமாக வந்து தலையணையை வைத்தார். உறை புதிதாக இருந்தது.

ராணி நோங்லெய்மாவின் வயிறு திறக்கவில்லை என்று ஆரம்பித்தார். அவள் குன்றுகளில் ஏறினாள், ஏரியில் விளக்கு விட்டாள், ஒரு தெய்வமும் திரும்பிப் பார்க்கவில்லை. அரண்மனையில் ஒரு பணிப்பெண் ராஜாவுக்கு ஒரு மகனைப் பெற்றுக் கொடுத்துவிட்டு இறந்துபோனாள், அந்தக் குழந்தையை ராணி மடியில் போட்டுக்கொண்டாள். அவன் ஓடி விளையாடும் வயதில் மந்திரிகள் ராஜாவின் காதைக் கடித்தார்கள், பிள்ளை பெறாதவள் அரியணைக்குப் பக்கத்தில் உட்கார்ந்தால் மழை பெய்யாது என்று. ராஜா அவளைத் துரத்தினான். ஏரிக்கரையில் அவளை ஏற்றிக்கொண்ட படகோட்டியும் தாயில்லாத கைக்குழந்தையோடு நின்றவன்தான். அதையும் அவள் வாங்கிக்கொண்டாள்.

பிறகு இளவரசன் ராஜாவாகி, ஏரி முழுக்கத் துழாவி, புல்திட்டுக் குடிசையில் அவளைக் கண்டுபிடிக்கும் இடத்துக்கு வந்தார். வாசலில் நின்ற படகோட்டி மகன் "எங்கம்மாகிட்ட உனக்கு என்ன வேலை?" என்று கேட்கிறான். "எங்கம்மாவைக் கூட்டிப்போக வந்தேன்" என்கிறான் ராஜா. இருவரும் உள்ளே போய் அவளையே கேட்கிறார்கள், நாங்கள் யார் பிள்ளைகள் என்று. ராணி இரண்டு தட்டில் சோறு போட்டு வைக்கிறாள். "உக்காந்து சாப்பிடுங்க. ஆறிப்போகும்" என்கிறாள்.

கொம்தோன் தலையணையை அறையவும் இல்லை, தடவவும் இல்லை. இரண்டு கைகளையும் அதன்மேல் வைத்தபடி உட்கார்ந்திருந்தார்.

குலபிது எழுந்தார். "ஓஜா, முன்ன சொன்னப்ப ராணி வயித்துல பொறந்ததாத்தான சொன்னீங்க?"

"சொன்னேன்."

"இப்ப மாத்துறீங்க."

"முன்ன மறைச்சேன்" என்றார் கொம்தோன். "பிள்ள இல்லாதவன்னு சபையில சொன்னா அவளுக்கு அவமானம்னு நெனச்சேன். அவ அப்படி நெனைக்கலேன்னு இப்பதான் தெரிஞ்சுது."

அவர் குரல் கதைக் குரலாக இல்லை. பெண்கள் பக்கம் மொத்தமும் திரும்பிப் பின்வரிசையைப் பார்த்தது. நுங்ஷிதோம்பி விரல் நுனியில் இருந்த சுண்ணாம்பை வெற்றிலையில் தடவி, மடித்து, வாயில் போட்டுக்கொண்டாள். இந்தத் தடவை பார்த்தவர்கள்தான் தலையைக் குனிந்தார்கள்.

குலபிது "பெத்தவங்க எல்லாருமா வளத்துடறாங்க?" என்று யாரிடமோ சொல்வதுபோலச் சொல்லிவிட்டு உட்கார்ந்தார். ராணி போகவில்லை, வயிறு மட்டும்தான் போயிற்று என்பது அங்கௌவுக்கும் மெதுவாக உறைத்தது. முற்றத்துக் கோயில் இருக்கும், படகு இருக்கும், பெருமை பேசுவதற்கும் தடையில்லை. வாரத்துக்குள் பழத்தட்டுகள் மறுபடி பாலம் ஏறின. அங்கௌவின் அத்தை அவற்றைத் தானே வாங்கி உள்ளே கொண்டுபோனாள், முன்பு தள்ளியவள் தானில்லை என்பதுபோல.

கதை இதோடு முடிந்திருந்தால் இதை நான் சொல்லியே இருக்கமாட்டேன்.

எங்கள் கல்யாணங்களில் இரண்டு விரால் மீன்களைக் குளத்தில் விடுவோம். மாப்பிள்ளை பக்கம் ஒரு பெண், பொண்ணு பக்கம் ஒரு பெண். இரண்டு மீனும் சேர்ந்து நீந்தினால் நல்லது. அதை விடுகிறவள் கணவனோடு வாழ்கிறவளாக, பிள்ளை பெற்றவளாக இருக்கவேண்டும். எனக்கு நான்கு பையன்கள். அதனால் தெருவில் எந்தக் கல்யாணம் என்றாலும் என்னைத்தான் கூப்பிடுவார்கள், நானும் பட்டுத் துணியை மடித்துத் தயாராகவே வைத்திருப்பேன். நுங்ஷிதோம்பி அந்த நேரத்தில் எப்போதும் பந்திக்கு இலை நறுக்கிக்கொண்டிருப்பாள். யாரும் அவளைப் போகச் சொன்னதில்லை. தானாகவே போய்விடுவாள்.

அமுசனா கல்யாணத்தன்றும் போய்விட்டாள். நான் அங்கௌ வெட்டிய குளத்தின் கரைக்கு வந்துவிட்டேன். பொண்ணு பக்கம் அங்கௌவின் தங்கை மீன் பாத்திரத்தோடு வந்தாள். விறைத்த கல்யாணப் பாவாடையில் அசையமுடியாமல் உட்கார்ந்திருந்த பிலாசினி அப்போது வாயைத் திறந்தாள்.

"அத்தை, பாத்திரத்த நுங்ஷிதோம்பி இமாகிட்ட குடுங்க." இமா என்றால் எங்களில் அம்மா.

அத்தை அங்கேயே நின்றுவிட்டாள். "ஏண்டி, அவளுக்கு..." என்று ஆரம்பித்துவிட்டு நிறுத்தினாள்.

"அவங்களுக்கு என்ன?"

"முறைன்னு ஒண்ணு இருக்கு" என்றார் குலபிது. "பிள்ள பெத்தவங்கதான் விடணும்."

"அப்ப ராணி வந்திருந்தாலும் விடக்கூடாதா பெரியப்பா?" என்றாள் பிலாசினி. "நம்ம ராணி?"

குலபிது என்னைப் பார்த்தார். நான் அங்கௌவைப் பார்த்தேன். அங்கௌ குளத்தைப் பார்த்தார். அவர் குளம் வெட்டிய நாளில் வந்த ராணிதானே. கடைசியில் குலபிதுவே சமையல் பந்தலுக்குப் போய் அவளைக் கூட்டிவந்தார்.

நுங்ஷிதோம்பி ஈரக் கையைத் துணியில் துடைத்துக்கொண்டே வந்தாள். எதற்குக் கூப்பிட்டார்கள் என்று வழியில் சொல்லியிருப்பார்கள், காய்ந்த கையையே மறுபடி மறுபடி துடைத்தாள். என் பக்கத்தில் படியில் குந்தினாள். கொம்தோன் ஆண்கள் நடுவே நின்றார். அவருக்குக் கைகளை எங்கே வைப்பது என்று தெரியவில்லை.

மீனைக் கையில் வாங்கியதும் அவள் என்னிடம் தாழ்ந்த குரலில் கேட்டாள். "எப்படி விடணும்?"

எத்தனை கல்யாணத்தில் நான் விட்டிருக்கிறேன். இதுவரை யாரும் என்னை இதைக் கேட்டதில்லை. "கையத் தண்ணிக்குள்ள வச்சு விரலத் தொற" என்றேன். "அவ்வளவுதான்."

என் மீன் உடனே போய்விட்டது. அவளுடையது விரித்த கையிலேயே கொஞ்சநேரம் இருந்தது. பிறகு அதுவும் வாலை ஆட்டிவிட்டு என் மீன் போன பக்கமாகப் போயிற்று. எல்லோரும் சிரித்தார்கள், சங்கு ஊதினார்கள்.

அவள் கையைத் தண்ணீரிலிருந்து எடுக்கவில்லை. நான்தான் பிடித்து எழுப்பினேன்.